கல் பார்க்கும் கண்ணுக்கு ஒரு குறியீடு

போன மாதம் உங்கள் பயிற்சி வகுப்பில் பேச என்னைக் கூப்பிட்டிருந்தார்கள். நான் உள்ளே வருவதற்கு முன்பே உங்கள் சிரிப்பு வராந்தா வரைக்கும் கேட்டது. நோய்க் குறியீட்டுப் புத்தகத்தில், விண்கலம் விபத்துக்குள்ளானால் போடுவதற்கும் ஒரு குறியீடு இருப்பதை யாரோ கண்டுபிடித்திருந்தீர்கள். சிரிக்கக்கூடிய விஷயம்தான், நானும் புதிதில் சிரித்தவள். சில பக்கங்கள் தள்ளி W90 வந்தது. லேசர் போன்ற கதிர்கள் தற்செயலாகப் பட்டு வரும் பாதிப்புக்கான குறியீடு அது. இரத்தினபுரிப் பக்கத்தில் யார் மேல் லேசர் படப்போகிறது, தேயிலைக் கொழுந்து எடுக்கிறவள் மேலா என்று ஒரு தம்பி கேட்டார். மறுபடியும் எல்லோரும் சிரித்தீர்கள். அன்றைக்கு நான் பேச வந்ததை மட்டும் பேசிவிட்டுக் கிளம்பிவிட்டேன். அதைப் பற்றி வாயைத் திறந்திருந்தால் அந்தத் தம்பியை வைதிருப்பேன், பாவம், அவருக்கு ஒன்றும் தெரியாது. ஆகவே எழுதியே தருகிறேன்.

நான் ஆஸ்பத்திரிப் பதிவு அறையில் சேர்ந்தது தொண்ணூற்றிரண்டில். நோயாளி வீட்டுக்குப் போனதும் கட்டில் தலைமாட்டில் கிடந்த டிக்கட், அதாவது நோயாளியின் விவரம் எழுதிய தாள், எங்களிடம் வரும். அதில் டொக்டர் எழுதியிருக்கும் நோயைக் குறியீடாக மாற்றுவது எங்கள் வேலை. காயம் என்றால் இரண்டு குறியீடு வேண்டும். என்ன காயம் என்பதற்கு ஒன்று, அது எப்படி வந்தது என்பதற்கு ஒன்று. முதலாவதை டொக்டர்மார் ஒழுங்காக எழுதுவார்கள். இரண்டாவதைப் பெரும்பாலும் எழுத மாட்டார்கள். கையில் வெட்டுக்காயம் என்று வரும். இறப்பர் மரம் வெட்டப் போன கத்தி பட்டதா, குடித்துவிட்டு வந்த புருசன் தூக்கிய கத்தி பட்டதா என்று இருக்காது. இரண்டுக்கும் தையல் ஒன்றுதானே என்று ஒரு டொக்டர் என்னிடமே கேட்டிருக்கிறார். தையல் ஒன்றுதான், ஆனால் அடுத்த வெட்டு எங்கிருந்து வரும் என்பது ஒன்றில்லை. என் வேலைக்காலம் முழுக்க நான் சண்டை பிடித்தது இந்த இரண்டாவது குறியீட்டுக்காகத்தான். அதனால் நோயாளிகள் கிடக்கும் வாட்டுகளில் எனக்குக் கெட்ட பெயரும் உண்டு.

சம்பளமில்லாத இன்னொரு வேலையும் எனக்கு இருந்தது. நான் தோட்டத் தொழிலாளர் குடியிருக்கும் லயத்தில் பிறந்தவள் என்பது எல்லோருக்கும் தெரியும். தோட்டத்திலிருந்து சிங்களம் சரியாகப் பேச வராத ஆள் யார் வந்தாலும் என்னைக் கூப்பிட்டுவிடுவார்கள். பதிவு அறையை விட்டு வாட்டுக்குப் போகும் பழக்கம் எனக்கு அப்படித்தான் வந்தது. அந்தப் பழக்கத்தை நீங்களும் பழகிக்கொள்ள வேண்டும் என்று மேலதிகாரிகள் சொல்ல மாட்டார்கள். நான் சொல்கிறேன்.

சுனாமி வந்த மறு வருடம் அந்த டிக்கட்டைப் பார்த்தேன். புவனேஸ்வரி என்று பெயர், நிவித்திகலைக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்து முகவரி. வலது கண், விழித்திரையின் நடுவில் எரிகாயம், காரணம் வெளிச்சம். வெளிச்சம் என்ற அந்த ஒரு சொல்லை வைத்துக்கொண்டு என்ன குறியீடு போடுவது? சூரியனைப் பார்த்ததால் என்றால் X32. வெல்டிங் வெளிச்சம் போன்றது என்றால் W89. என்ன கதிர் என்றே தெரியாது என்றால் W91, அது சோம்பேறிகளுக்காகவே கண்டுபிடிக்கப்பட்டது என்று நான் நினைப்பதுண்டு. கண் டொக்டர் எங்கள் ஆஸ்பத்திரிக்கு வாரத்தில் ஒரு நாள்தான் வருவார். அன்று அந்த நாள். மத்தியானத்துக்குப் பிறகு அந்தப் பெண்ணைக் கொழும்புக்கு அனுப்பிவிடுவார்கள், அதற்காகத்தான் டிக்கட் முன்கூட்டியே எங்களிடம் வந்திருந்தது, டொக்டரும் போய்விடுவார். அதற்கு முன் கேட்காவிட்டால் பிறகு கேட்க ஆளே இல்லை.

நான் எழும்புவதற்குள் என் மேசைக்கே ஆள் வந்துவிட்டது. அயர்ன் பண்ணிய சட்டை போட்ட ஒருவர், கையில் ஒரு பை ரம்புட்டான். அவருக்குப் பின்னால் கொழுந்துக் கறை படிந்த விரல்களோடு ஓர் அம்மா. சட்டைக்காரர், தான் பெல்மதுளைப் பக்கம் ஒரு மாணிக்கக்கல் பட்டறையின் மனேஜர் என்றும், புவனேஸ்வரி தன்னிடம் கல் பார்க்கிற பிள்ளை என்றும், இவர் அவளுடைய அம்மா என்றும் அறிமுகம் செய்துகொண்டார். தமிழ், சிங்களம் இரண்டும் அவர் வாயில் வழுக்கிக்கொண்டு வந்தன. கல்லை வெயிலுக்கு நேரே பிடித்துப் பார்ப்பது இவர்கள் பழக்கம், அப்படிப் பார்க்கும்போது சூரியன் கண்ணில் அடித்துவிட்டது, அதைப் பேப்பரில் சரியாகப் போட்டுவிட்டால் எல்லோருக்கும் வசதி என்றார்.

பொய் சொல்லத் தெரிந்தவர். இந்தப் பக்கத்தில் கல்லை வெயிலுக்குப் பிடித்துப் பார்க்காதவர் யார்? என் மனதே பாதி நம்பியது. யாருக்கு என்ன வசதி என்று கேட்டேன். அந்த அம்மா முந்திக்கொண்டு சொன்னார்.

“சூரியன்னே எழுதிருங்க மிஸ். மிசின்னு எழுதினா பட்டறைய மூடிருவாங்களாம். பெரியவ எடத்த சின்னவளுக்குத் தர்றேன்னு ஐயா சொல்லிட்டாரு. நாங்க வேற எங்க போறது?”

அந்த அம்மாவின் வாயிலிருந்து மிசின் என்ற சொல் வந்ததும் மனேஜர் அவரைத் திரும்பிப் பார்த்தார். பாவம், அந்த அம்மாவுக்குத் தான் என்ன சொல்லிவிட்டோம் என்று தெரியவில்லை. டொக்டர் எழுதாததை நான் எழுத முடியாது, டொக்டர் எழுதியதை மாற்றவும் முடியாது என்று சொல்லி ரம்புட்டான் பையை மனேஜர் பக்கமே தள்ளினேன். அவர் அதை எடுத்து அம்மாவிடம் கொடுத்துவிட்டு வெளியே போய் யாருக்கோ போன் எடுத்தார். நான் அந்த அம்மாவோடு வாட்டுக்குப் போனேன்.

புவனாவுக்கு இருபது வயது இருக்கும். நல்ல துடிப்பான முகம். என்னைப் பார்த்துப் பேசும்போது தலையைக் கொஞ்சம் பக்கவாட்டில் திருப்பிக்கொண்டே பேசினாள். என்ன நடந்தது என்று கேட்டதற்கு முதலில் அவளும் சூரியன் என்றாள். அம்மா பக்கத்தில் உட்கார்ந்து ரம்புட்டான் உரித்துக்கொண்டிருந்தார். எப்போது நடந்தது என்று கேட்டேன். முந்தாநாள் மத்தியானம் என்றாள். அந்த நாள் காலையிலிருந்து அடைமழை, நிவித்திகலை ரோட்டில் தண்ணீர் ஏறி பஸ் நின்றது எனக்கு நினைவிருந்தது. அதைச் சொன்னேன். அவள் தலையைக் குனிந்துகொண்டாள்.

பொய்யைப் பிடித்துவிட்டோம் என்று சந்தோஷப்படுகிற நேரம் அதில்லை. கவனியுங்கள், உங்களுக்கும் இது வரும். ஒரு நோயாளி பொய் சொன்னால் பெரும்பாலும் யாரையோ காப்பாற்றத்தான் சொல்கிறார். யாரை என்று தெரியும் வரைக்கும் அவசரப்படக் கூடாது. எனக்கு யாரை என்று தெரிந்திருந்தது. ஆகவே ஒன்றே ஒன்றைத்தான் கேட்டேன். உன் தங்கச்சி எந்த இடத்தில் உட்காரப்போகிறாள், வேறு மேசையிலா, அதே மேசையிலா?

அவள் அதுவரை அதை யோசிக்கவில்லை. வேலை என்றுதான் நினைத்திருந்தாள், மேசை என்று நினைக்கவில்லை.

“அதே மேசைதான் மிஸ். கல்லு பாக்க எங்க வீட்டுல அவளுக்கும் எனக்கும்தான் தெரியும்.”

அதற்குப் பிறகு எல்லாவற்றையும் சொன்னாள். முதலாளி வெளிநாட்டிலிருந்து ஒரு பழைய லேசர் இயந்திரத்தை வாங்கிப் போட்டிருக்கிறார். வெடிப்பு விழுந்த கல்லில் கெட்ட பகுதியை வெட்டி எடுக்க. வெட்டும் இடத்தைக் காட்ட ஒரு சிவப்புப் புள்ளி தெரியும், வெட்டுகிற கதிர் கண்ணுக்குத் தெரியவே தெரியாது. மூடியைத் திறந்தால் இயந்திரம் தானாக நின்றுவிடும்படி செய்திருந்தார்கள். ஒவ்வொரு தடவையும் நின்றால் வேலை ஓடாது என்று மனேஜர் அந்த இடத்தில் டேப் ஒட்டி நிற்காமல் செய்துவிட்டார். இயந்திரத்தோடு கண்ணைக் காக்கப் பச்சைக் கண்ணாடியும் வந்தது. அதை அவள் போடவில்லை. ஒருவரும் போடவில்லை.

உங்களில் கல்காரக் குடும்பத்துப் பிள்ளைகள் இருந்தால் ஏன் என்று கேட்க மாட்டீர்கள். மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். நிறக் கண்ணாடி போட்டுக்கொண்டு கல் பார்ப்பது இந்தத் தொழிலில் கிடையாது. கூலிங்கிளாஸ் போட்டுக்கொண்டு கல் வாங்க வருகிறவரைக் கண்டால் தெருவே சிரிக்கும். நீலம் எங்கே நிற்கிறது, எங்கே வெளுக்கிறது என்று பார்த்துத்தான் வெட்ட வேண்டும். பச்சைக் கண்ணாடிக்குள் நீலம் ஏது? ஒரு கண்ணை மூடி மற்றக் கண்ணால் பார்ப்பார்கள், அதுவும் எப்போதும் ஒரே கண்ணால். புவனாவுக்கு அது வலது கண். பட்டறையிலேயே நல்ல கண் என்று மனேஜரே வருகிறவர்களிடம் அவளைக் காட்டிப் பெருமை பேசுவாராம். அந்தக் கண்ணைத்தான் அவள் கல்லுக்குக் கிட்டக் கொண்டுபோயிருக்கிறாள்.

“வலிக்கல்ல மிஸ். கண்ணுக்குள்ள டப்புன்னு ஒரு சத்தம் கேட்டுச்சு, அவ்வளவுதான். இப்ப இந்தக் கண்ணால உங்களப் பாத்தா சுத்தி முடி தெரியுது, காது தெரியுது. மூஞ்சி இருக்கிற எடத்துல ஒண்ணுமில்ல.”

டொக்டரிடம் போனேன். அறைக்கு வெளியே வரிசை நின்றது, அவர் காலையிலிருந்து தேத்தண்ணிகூடக் குடிக்கவில்லை. நான் சொன்னதைக் கேட்டுவிட்டு, தான் பார்க்காததை எழுத முடியாது, நீங்கள் சொல்வதையும் எழுத முடியாது, நோயாளி தன் வாயால் சொன்னால் எழுதுவேன் என்றார். எனக்கு எரிச்சலாக வந்தது. பிறகு யோசித்தால் அவர் சொன்னதுதான் முறை. அந்த வார்த்தைக்கு விலை கொடுக்கப்போகிறவள் அவள், அவள்தான் சொல்ல வேண்டும்.

டொக்டர் கட்டிலுக்கு வந்தபோது மனேஜரும் வந்து கால்மாட்டில் நின்றார். அம்மா எழும்பி நின்று டொக்டரைக் கும்பிட்டார். கண்ணில் எப்படிப் பட்டது என்று டொக்டர் கேட்டார். புவனா அம்மாவை ஒரு தடவை பார்த்தாள். பிறகு சிங்களத்தில் சொல்லத் தொடங்கினாள், நல்ல வேகமான சிங்களம், பட்டறையில் பழகியது. மழை, மூடி, டேப், பச்சைக் கண்ணாடி, ஒன்றையும் விடவில்லை. கண்ணாடியைத் தான் போடவில்லை என்பதையும் சேர்த்தே சொன்னாள். அம்மாவுக்குச் சந்தையில் சாமான் வாங்குகிற அளவுக்குத்தான் சிங்களம் தெரியும். மகள் ஏதோ நோயைப் பற்றி டொக்டருக்கு விளக்குகிறாள் என்று நினைத்து, ஒவ்வொரு வாக்கியத்துக்கும் ஆமாம் என்று தலையாட்டிக்கொண்டே நின்றார். மனேஜருக்கு எல்லாம் புரிந்தது. அவர் திரும்பி நடந்துவிட்டார். என்னால் அந்த அம்மாவின் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

டொக்டர் எழுதினார். வேலைத்தலத்தில் லேசர் பட்டது, தற்செயல். தொழில் இடங்களைப் பரிசோதிக்கும் அதிகாரிக்குத் தனியாக ஒரு கடிதமும் எழுதிக் கையெழுத்து வைத்தார். நான் W90 போட்டேன், விபத்து நடந்த இடத்துக்கான எண்ணையும் போட்டேன். குறியீட்டு வேலை என்று பார்த்தால் அதைவிடச் சரியாக இந்த நாட்டில் யாரும் போட்டிருக்க முடியாது. அன்று சாயங்காலம் வீட்டுக்குப் போகும்போது எனக்கு ஒரு திமிர்கூட இருந்தது.

பரிசோதகர் வந்தார், வரவில்லை என்று சொல்லக் கூடாது. அவர் போன நாளில் டேப் இல்லை. மூடியைத் திறந்தால் இயந்திரம் நின்றது. பச்சைக் கண்ணாடி இரண்டும் துடைத்து ஆணியில் மாட்டியிருந்தன. மேலே மூன்று மொழியிலும் கண்ணாடி அணியவும் என்று எழுதி ஒட்டியிருந்தார்கள். தமிழில் எழுத்துப்பிழை இல்லாமல் எழுதியிருந்தார்களாம், அந்த ஒரு விஷயத்தில் அரசாங்கத்தைவிடப் பட்டறை மேல். கண்ணாடி போடவில்லை என்று பிள்ளையே டொக்டரிடம் சொல்லியிருக்கிறதே என்று மனேஜர் எடுத்துக் கொடுத்தார். பணியாளரின் கவனக்குறைவு என்று முடித்துவிட்டார்கள். அவள் ஒளிக்காமல் சொன்ன உண்மையை எடுத்து அவள் தலையிலேயே போட்டார்கள்.

பட்டறையை மூடவில்லை. நிவித்திகலையில் அந்த அம்மாவை பஸ் ஸ்டாண்டில் கண்டபோது அவரே சந்தோஷமாகச் சொன்னார், மனேஜர் ஐயா பெரிய மனது பண்ணிச் சின்னவளை எடுத்துக்கொண்டார் என்று. மகள் அன்று சிங்களத்தில் என்ன சொன்னாள் என்பது அவருக்கு அப்போதும் தெரியாது. புவனாவும் சொல்லவில்லை, நானும் சொல்லவில்லை.

அடுத்து வந்த ஞாயிற்றுக்கிழமை லயத்துக்குப் போனேன். புவனாதான் வரச் சொல்லி ஆள் அனுப்பியிருந்தாள். தான் சொன்னால் தங்கச்சி கேட்கிறாள் இல்லை, மிஸ் சொன்னால் கேட்பாள் என்று. தங்கச்சி பெயர் யோகேஸ்வரி. அக்காவைவிடக் கெட்டிக்காரி, பார்த்தாலே தெரியும். எனக்குத் தேத்தண்ணி கொண்டுவந்து வைத்துவிட்டு, நான் சொன்ன எல்லாவற்றையும் மரியாதையாகக் கேட்டாள். கண்ணுக்குத் தெரியாத கதிரைப் பற்றிச் சொன்னேன், டேப்பைப் பற்றிச் சொன்னேன். டேப் மறுபடியும் ஒட்டியாகிவிட்டது என்று அவளே சொன்னாள். அப்படியானால் கண்ணாடியாவது போடு என்று கெஞ்சினேன். ஓர் ஆஸ்பத்திரி உத்தியோகத்தர் கெஞ்சக் கூடாது என்று விதி ஒன்றும் இல்லை.

“கண்ணாடி போட்டா கல்லு தெரியாதுங்க மிஸ். தப்பா வெட்டினா மறுநாளே வேற ஆள எடுத்துருவாங்க. நான் யோசிச்சுத்தான் போறேன். அக்கா வலது கண்ணால பாத்திச்சு. நான் எடது கண்ணால பாத்துப் பழகிக்கிட்டேன். இது போனாலும் எனக்கு நல்ல கண்ணு, வலது கண்ணு, இருக்கும்.”

அந்த விபத்திலிருந்து அந்த வீடு படித்த பாடம் அதுதான். டொக்டரும் நானும் பரிசோதகரும் சேர்ந்து அவளுக்கு வேறு எதையும் கொடுக்கவில்லை. எந்தக் கண்ணைச் செலவு பண்ணுவது என்று அவளாகவே தீர்மானித்திருந்தாள். புவனா கதவு நிலையில் சாய்ந்து நின்று அழுதாள். நான் தேத்தண்ணியைக் குடித்துவிட்டு வந்துவிட்டேன். வேறென்ன செய்வது?

உங்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். காரணத்தைக் கேளுங்கள், டிக்கட் மூடும் முன்பு கேளுங்கள், வாட்டுக்கு நடந்து போய்க் கேளுங்கள். இதை நான் எந்த வகுப்பிலும் சொல்வேன். ஆனால் சரியான குறியீட்டைப் போட்டுவிட்டால் எங்கேயோ ஒருவர் அதைப் படித்துவிட்டு எழும்பி வருவார் என்று நம்பாதீர்கள். நான் அப்படி நம்பினேன். நாம் அனுப்புகிற தொகுப்பு கொழும்புக்குப் போய் ஒரு கூட்டுத்தொகைக்குள் விழுகிறது. குறியீடு நம் கடமை, அதற்காகச் சம்பளம் வாங்குகிறோம். ஒருவரைக் காப்பாற்றுவது வேறு வேலை. அதை யார் செய்கிறார்கள் என்று நான் ஓய்வு பெறும் வரைக்கும் தேடினேன்.

அதே வருடம் அடுத்த மழைக்காலத்தில், ஐப்பசியில், யோகேஸ்வரி ஆஸ்பத்திரிக்கு வந்தாள். இடது கண். அதே டொக்டர், இந்தத் தடவை நான் போய்ச் சொல்ல வேண்டியிருக்கவில்லை, அவரே கேட்டு அவரே காரணத்தை எழுதினார். அவர் கையெழுத்து அன்று வழக்கத்தைவிட அழுத்தமாக இருந்தது. மறுபடியும் கடிதம் போனது, மறுபடியும் பரிசோதகர் போனார், ஆணியில் கண்ணாடி தொங்கியது. நான் மறுபடியும் W90 போட்டேன். எல்லாம் ஒழுங்காக நடந்தது, அவளுக்கு அதனால் எந்தப் பிரயோசனமும் இல்லை.

அந்த வருடக் கடைசியில் தொகுப்புப் போடும்போது என்னோடு வேலை செய்த நஸீமா W90 வரியில் இருந்த இரண்டை வெட்டி ஒன்று என்று எழுதியிருந்தாள். பெல்மதுளைக் கடைக்காரக் குடும்பத்துப் பெண், வேலையில் படு சுத்தம். ஏன் வெட்டினாய் என்று கேட்டேன். ஒரே தோட்டம், ஒரே லயம், அப்பா பெயர் ஒன்று, ஆள் பெயரும் ஏதோ ஈஸ்வரிதான், பட்டறை ஒன்று, குறியீடும் ஒன்று, ஒரே ஆள் தவறுதலாக இரண்டு தடவை ஏறிவிட்டது அக்கா என்றாள். நம் குறியீட்டில் வலது கண், இடது கண் என்ற வித்தியாசம் கிடையாது. அவள் மேல் பிழை சொல்ல முடியாது, யாராக இருந்தாலும் வெட்டியிருப்பார்கள்.

இரண்டு டிக்கட்டையும் தேடி எடுத்து அவள் மேசையில் வைத்தேன். இது அக்கா, இது தங்கச்சி என்றேன். அவள் இரண்டையும் வாசித்தாள், பிறகு திரும்ப முதலாவதை எடுத்து வாசித்தாள். ஒன்றை மறுபடி இரண்டாக்கினாள். பேனாவை மூடிவிட்டு, இப்போது அந்த மேசையில் யார் இருக்கிறார்கள் என்று கேட்டாள்.

அந்த வீட்டில் வேறு பெண்பிள்ளை இல்லை என்றேன். அதனால் பக்கத்து லயத்திலிருந்து ஒருத்தியை எடுத்திருந்தார்கள்.